டேஸ்பிரிங்: பொருள் முதல் தமிழாக்கம் வரை, ஒரு முழுமையான வழிகாட்டி

பழைய ஆங்கிலக் கவிதையிலோ பைபிளிலோ டேஸ்பிரிங் (dayspring) என்ற சொல் எதிர்ப்பட்டால் பலர் அதை "வசந்தகால நாள்" என்று எடுத்துக்கொண்டு தாண்டிப் போகிறார்கள். இன்னும் சிலர் அகராதியைப் புரட்டி, "விடியல், பழைய வழக்கு" என்று பார்த்துவிட்டு மூடிவைக்கிறார்கள். முதலாவது தப்பு. இரண்டாவது சரிதான், ஆனால் ஆங்கில எழுத்தாளர்களான மில்டனும் ஹாப்கின்ஸும் கிப்ளிங்கும் இந்தச் சொல்லை எதற்காகத் தேடிப் பிடித்தார்கள் என்பது அந்த ஒரு வரியில் தெரியாது. இந்தச் சொல்லுக்குள் ஓர் எழுச்சி இருக்கிறது, அடியிலிருந்து ஒன்று துள்ளிக் கிளம்புகிற எழுச்சி. அதைப் பிடித்துக்கொண்டால் எல்லாப் பொருளும் அதிலிருந்து தானாக வரும், எங்கே பயன்படுத்தலாம் எங்கே கூடாது என்பதும் விளங்கிவிடும். ஆங்கில இலக்கியம் படிக்கிறவர்களுக்கும் மொழிபெயர்க்கிறவர்களுக்கும் உதவட்டும் என்று படிப்படியாக எழுதுகிறேன்.

முதல் படி: சொல்லைப் பிரித்துப் பாருங்கள்

டே என்பதில் சிக்கல் இல்லை, பகல். ஸ்பிரிங்தான் ஆளைக் குழப்பும். வசந்தம், நீரூற்று, சுருள்கம்பி, துள்ளுவது என்று இன்றைக்கு அதற்கு நான்கு பொருள் தெரியும் நமக்கு. நான்கும் ஒரே வினையிலிருந்து வந்தவை. பழைய ஆங்கிலத்தில் ஸ்பிரிங்கன் என்றால் துள்ளி எழு, பீறிட்டுக் கிளம்பு. நிலத்தைப் பீறிக்கொண்டு நீர் வந்தால் ஊற்று, அமுக்கி விட்டால் துள்ளி எழும் கம்பி ஸ்பிரிங், இலை துளிர்த்துக் கிளம்பும் பருவம் வசந்தம். பகல் கிளம்பி எழுவது டேஸ்பிரிங்.

வசந்தத்தோடு இதைச் சேர்த்துக் குழப்பிக்கொள்ளாமல் இருக்க ஒரு வரலாற்றுச் செய்தி கைகொடுக்கும். அந்தப் பருவத்துக்கு ஆங்கிலத்தில் பழைய பெயர் லென்டன். கிறிஸ்தவர்களின் தவக்காலத்துக்கு இன்றும் வழங்கும் லெண்ட் என்ற பெயர் அதன் மிச்சம்தான். ஸ்பிரிங் என்ற ஒற்றைச் சொல் பருவத்தின் பெயராக நிலைத்தது 16-ஆம் நூற்றாண்டில். டேஸ்பிரிங் அதற்கு வெகு முன்பே, நடுக்கால ஆங்கிலத்திலேயே, புழக்கத்தில் இருந்தது. எனவே பருவத்துக்கு இதில் இடமே இல்லை.

இரண்டு பாதியும் ஒட்டாமல் தனித்தனியாக வரும் இடங்களையும் பார்த்துவிடுங்கள். 1611-இல் வெளிவந்த கிங் ஜேம்ஸ் பைபிளில், நியாயாதிபதிகள் 19-ஆம் அதிகாரத்தில், பகல் "ஸ்பிரிங்" ஆகத் தொடங்கியபோது என்று வினையாகவே வருகிறது. முதலாம் சாமுவேல் 9-ஆம் அதிகாரத்தில் சாமுவேல் சவுலை எழுப்பும் நேரம் "ஸ்பிரிங் ஆஃப் த டே". ஷேக்ஸ்பியரின் நான்காம் ஹென்றி இரண்டாம் பாகத்திலும் "ஸ்பிரிங் ஆஃப் டே" உண்டு. கவிஞர்கள் தங்கள் வசதிக்காக ஒட்டிவைத்த அலங்காரச் சொல் இல்லை இது, ஒரு காலத்தில் மக்கள் விடிவதைப் பேசிய விதமே அப்படி. வெல்ஸ்பிரிங், ஆஃப்ஸ்பிரிங் இரண்டும் இதன் உடன்பிறப்புகள். ஒன்றில் கிணற்று ஊற்று கிளம்புகிறது, மற்றதில் ஒருவரிடமிருந்து பிள்ளை கிளம்புகிறது.

இரண்டாம் படி: பக்கத்துச் சொற்களோடு வைத்துப் பாருங்கள்

விடிவதற்கு ஆங்கிலத்தில் சொல் நிறைய. டான் (dawn) பொதுச்சொல், எங்கும் போகும். டேபிரேக்கில் உடைப்பு இருக்கிறது, இருட்டு சட்டென்று உடைந்து வெளிச்சம் உள்ளே வருகிறது. சன்ரைஸ் வானியல் கணக்குக்கு உரியது, சூரியனின் மேல்விளிம்பு அடிவானத்தில் தெரியும் கணம், நாள்காட்டியில் அச்சடித்துவிடலாம். டேஸ்பிரிங்குக்கு அப்படி மணி நிமிடம் கிடையாது. வெளிச்சம் ஊறி மேலே வரும் அந்த நேரம் முழுவதும் அதற்குள் அடங்கும்.

டான் இன்று இவ்வளவு சாதாரணமாக இருந்தாலும், பெயர்ச்சொல்லாக அது வந்தது 16-ஆம் நூற்றாண்டின் கடைசியில்தான். அதற்கு முன்னால் அது வினை, பெயராக வேண்டுமென்றால் டானிங் என்றார்கள். விடியலுக்குப் பெயராக டேஸ்பிரிங் அதைவிட மூத்தது. இன்றைக்கு அரிதாகிவிட்டதால்தான் இது நமக்குக் கவிதைச் சொல்லாகத் தோன்றுகிறது.

டேஸ்டார் என்ற இன்னொரு சொல்லோடு இதைக் கலந்துவிடக் கூடாது, இது முக்கியம். டேஸ்டார் என்றால் விடிவெள்ளி. (கவிதையில் சில சமயம் சூரியனையே குறிக்கும்.) இரண்டாம் பேதுரு முதல் அதிகாரத்தில் "விடிவெள்ளி உங்கள் இருதயங்களில் உதிக்குமளவும்" என்று தமிழ் பைபிளில் வருகிறதே, அங்கே கிங் ஜேம்ஸில் இருப்பது டேஸ்டார். விடிவெள்ளி ஒரு பொருள், கையை நீட்டிக் காட்டலாம். டேஸ்பிரிங் ஒரு நிகழ்வு.

மூன்றாம் படி: நேர்ப்பொருளை மில்டனிடம் கற்றுக்கொள்ளுங்கள்

நேர்ப்பொருள் விடியல், அவ்வளவுதான். ஆனால் ஒரு கவிஞன் டான் என்ற சொல் கையிலிருக்கும்போது ஏன் இதை எடுக்கிறான் என்பதைக் காட்ட மில்டனைவிட நல்ல ஆசிரியர் இல்லை.

1667-இல் வந்த அவருடைய காவியம் பாரடைஸ் லாஸ்ட்டில் இரண்டு இடங்களைப் பாருங்கள். ஐந்தாம் காண்டத்தில், ஏவாள் கெட்ட கனவு கண்ட இரவுக்குப் பிறகு, ஆதாமும் அவளும் மர நிழலடர்ந்த குடிலை விட்டு வெளியே வருகிறார்கள், கண்ணுக்கு எதிரே திறந்த வெளியில் டேஸ்பிரிங், அப்போதுதான் எழுந்த சூரியன். உடனே தொழுகிறார்கள். ஆறாம் காண்டத்தில், கடவுளுக்கு எதிராகக் கலகம் செய்த வானதூதர்கள் போருக்காகப் பீரங்கிகளை ரகசியமாகச் செய்துமுடிப்பது டேஸ்பிரிங்குக்கு முன்னால், இரவின் சாட்சியில். முன்னதில் அந்த வெளிச்சத்துக்குள் நடந்து வருகிறார்கள், பின்னதில் அது வருவதற்குள் வேலையை முடித்துவிடப் பார்க்கிறார்கள். வெளிச்சம் தானாகக் கிளம்பி வருகிற ஒன்று, அதை நிறுத்த முடியாது என்ற உணர்வு சொல்லுக்குள்ளேயே இருப்பதால் இரண்டு காட்சிக்கும் அது பொருந்துகிறது.

என் மனதில் நிற்பது 1671-இல் வெளிவந்த சாம்சன் அகனிஸ்டீஸ் என்ற நாடகம்தான். சாம்சன் என்பது தமிழ் பைபிளின் சிம்சோன். கண்களைப் பிடுங்கிக் காசா சிறையில் அடைத்துவைத்த சிம்சோனை வெளியே அழைத்து வருகிறார்கள். சிறைக்குள் காற்றே சிறைப்பட்டிருந்தது, நெருக்கமும் ஈரமுமாக இருந்தது என்கிறான் அவன். இங்கே வானத்தின் மூச்சு புதிதாக, தூய்மையாக, இனிமையாக வீசுகிறது, அது டேஸ்பிரிங்கோடு பிறந்தது என்கிறான். குருடனுக்கு விடியல் எப்படித் தெரியும்? நிறத்தால் இல்லை, முகத்தில் படும் காற்றால். இந்த வரிகளை வெளியிட்ட மில்டன் 1652-க்குள் முழுதும் பார்வை இழந்தவர். சன்ரைஸ் என்று அவர் எழுதியிருந்தால் அது கண்ணால் பார்க்கிற காட்சியாகியிருக்கும். ஒரு மூச்சு பிறந்து எழுவதற்கு டேஸ்பிரிங் பொருந்துகிற மாதிரி வேறு எதுவும் பொருந்தாது. இந்த நாடகத்தின் முதல் பதினைந்து வரியை மட்டுமாவது உரக்கப் படித்துப் பாருங்கள்.

நான்காம் படி: பைபிள் பொருளைப் பிடியுங்கள்

இந்தச் சொல்லை உயிரோடு வைத்திருப்பது பெரும்பாலும் கிங் ஜேம்ஸ் பைபிளின் இரண்டு வசனங்கள். அவை தெரியாமல் ஆங்கிலக் கவிதையில் இந்தச் சொல்லை முழுதாகப் படிக்க முடியாது.

முதலாவது யோபு 38:12. பெருங்காற்றிலிருந்து கடவுள் யோபுவைக் கேட்கும் கேள்விகளில் ஒன்று: விடியற்காலத்துக்கு நீ கட்டளை கொடுத்ததுண்டா, டேஸ்பிரிங்குக்கு அதன் இடத்தைக் காட்டியதுண்டா? ஆங்கிலத்தில் "ஹிஸ் பிளேஸ்" என்று இருக்கும். விடியலை ஆணாக உருவகம் செய்கிறார்கள் என்று சிலர் விளக்கம் எழுதுவார்கள், அது தேவையில்லை. அந்தக் காலத்து ஆங்கிலத்தில் அஃறிணைக்கும் ஹிஸ் வழங்கியது.

இரண்டாவது லூக்கா 1:78. பேச்சிழந்திருந்த சகரியா, மகன் யோவான் பிறந்த பிறகு வாய் திறந்து பாடும் பாட்டின் கடைசிப் பகுதி. கடவுளின் இரக்கத்தால் "உன்னதத்திலிருந்து டேஸ்பிரிங் நம்மைச் சந்தித்திருக்கிறது" என்கிறார். இங்கே சொல் விடியலிலிருந்து ஒரு ஆளுக்குத் தாவிவிட்டது. வரப்போகிற மேசியாவே, அதாவது மீட்பரே, அந்த விடியல். கொஞ்சம் நின்று பார்த்தால் இன்னொன்றும் தெரியும். விடியல் என்றைக்கும் அடிவானத்திலிருந்து மேலே போகும். இங்கே அது மேலேயிருந்து கீழே வருகிறது. கிளம்பி எழுவதும் இறங்கி வருவதும் ஒரே வரியில் மோதுகின்றன, அந்த மோதலில்தான் வசனத்தின் வியப்பு.

இதற்கு மூலத்திலுள்ள கிரேக்கச் சொல் அனதோலே, எழுச்சி என்று பொருள். சூரியன் எழுவதற்கும் கிழக்குத் திசைக்கும் அதுதான் பெயர். சுவையான விஷயம், எபிரேயப் பழைய ஏற்பாட்டைக் கிரேக்கத்தில் பெயர்த்தவர்கள், சகரியா தீர்க்கதரிசியின் நூலில் மேசியாவைக் குறிக்கும் "கிளை" என்ற சொல்லுக்கும் இதே அனதோலேயைப் போட்டார்கள். தளிர் நிலத்திலிருந்து எழுவதும் ஒளி எழுவதும் ஒரே சொல். ஆங்கில ஸ்பிரிங்கும் தளிருக்கும் ஒளிக்கும் பொதுவானது என்பதால், இந்த இரட்டைப் பொருளை டேஸ்பிரிங் தாங்குகிற அளவு டான் தாங்காது.

மொழிபெயர்ப்பாளர்கள் இங்கே வந்து சேர்ந்த பாதையும் தெளிவு. லத்தீனில் ஓரியன்ஸ், எழுகிறவர். அதைப் பார்த்து 14-ஆம் நூற்றாண்டு விக்லிஃப் பைபிள் "ஸ்பிரிங்கிங் அப்" என்று வினையாகப் போட்டது. 16-ஆம் நூற்றாண்டில் டிண்டேல் டேஸ்பிரிங் என்று பெயராக்கினார், கிங் ஜேம்ஸ் குழு அதை வைத்துக்கொண்டது. ஆங்கிலத் திருச்சபையின் பொது வழிபாட்டு நூலிலும் இதே சொல் இருந்ததால் அது சாதாரண மக்கள் காதில் விழுந்துகொண்டே இருந்தது. இன்றைய மொழிபெயர்ப்புகள் பலவற்றில் "ரைசிங் சன்" என்றோ "டான்" என்றோ மாறிவிட்டது. புரிவதற்கு எளிது, ஆனால் தளிர் போய்விட்டது.

கிறிஸ்துமஸுக்கு முன்னால் டிசம்பர் 17 முதல் 23 வரை பாடும் லத்தீன் அழைப்புப் பாக்களில் 21-ஆம் தேதிக்கு உரியது "ஓ ஓரியன்ஸ்". வட பாதியுலகில் இரவு மிக நீளமாக இருக்கும் நாள் அதை ஒட்டித்தான் வரும். இந்தப் பாக்களிலிருந்து பிறந்த இம்மானுவேல் பாட்டின் ஆங்கில வடிவத்தில் "ஓ கம், தௌ டேஸ்பிரிங்" என்று ஒரு சரணம் உண்டு. இன்று ஆங்கிலேயர்கள் பலர் இந்தச் சொல்லை வாய்விட்டுச் சொல்வது அந்தப் பாட்டில் மட்டும்தான்.

ஐந்தாம் படி: உருவகப் பொருள்

எதன் தொடக்கத்துக்கும், முதல் மலர்ச்சிக்கும் டேஸ்பிரிங் என்று சொல்லலாம். இளமையின் டேஸ்பிரிங், ஒரு கலையின் டேஸ்பிரிங். ஹாப்கின்ஸ் இதை பைபிள் பொருளோடு பின்னியிருக்கிறார். 1875 டிசம்பரில் டாய்ச்லண்ட் என்ற கப்பல் தேம்ஸ் முகத்துவாரத்துக்கு வெளியே மணல்திட்டில் மோதி, ஜெர்மனியிலிருந்து வெளியேறிய ஐந்து பிரான்சிஸ்கன் கன்னியர்களும் இறந்தார்கள். அதைப் பற்றிய நெடுங்கவிதையின் கடைசிப் பாடலில், கிறிஸ்து நம்முடைய மங்கலுக்கு ஒரு டேஸ்பிரிங் ஆகட்டும் என்று வேண்டுகிறார். கவனியுங்கள், "ஒரு டேஸ்பிரிங்". பைபிளின் ஒரே விடியலை எடுத்து, ஒவ்வொரு மனதுக்குள்ளும் எழக்கூடிய ஒன்றாக ஆக்கிவிட்டார். அந்தக் கவிதை அச்சேறியது 1918-இல், அவர் இறந்து வெகுகாலம் கழித்து.

கிப்ளிங்கின் "டேஸ்பிரிங் மிஸ்ஹேண்டில்ட்" கதையில் பொருள் இன்னும் கசப்பானது. நடுக்கால ஆங்கிலக் கவிஞர் சாசர் எழுதியது போல ஒரு பழங்கவிதைத் துண்டைப் போலியாகத் தயாரித்து, அதை வைத்து ஒரு அறிஞரைப் பழிவாங்கக் காத்திருக்கும் மனிதனின் கதை. அந்தப் போலித் துண்டின் கடைசி வரி: பாழாக்கிய டேஸ்பிரிங் திரும்பி வராது. இங்கே அது வாழ்க்கையின் காலைப்பொழுது, கையில் வந்த முதல் வாய்ப்பு, முதல் அன்பு. நடுக்கால ஆங்கில வாடை வேண்டும் என்பதால் கிப்ளிங் இந்தச் சொல்லை எடுத்திருக்கிறார், அதே சமயம் கதை முழுவதையும் அந்த ஒரு சொல்லில் ஏற்றிவிட்டார்.

பெயராகவும் இது ஓடியிருக்கிறது. ஆப்பிரிக்காவின் நைஜர் நதிப் பயணத்துக்கு பிரிட்டிஷ் ஆய்வுப் பயணி பெய்க்கி எடுத்துச் சென்ற நீராவிக் கப்பல் டேஸ்பிரிங், 1857-இல் ஜெப்பா அருகே பாறையில் மோதி உடைந்தது. நோவா ஸ்கோஷியாவில் கட்டி, இன்று வனுவாட்டு எனப்படும் தீவுகளின் மிஷனரிகளுக்காக ஓடிய பாய்மரக் கப்பலும் டேஸ்பிரிங், 1873-இல் புயலில் போனது. பெயர் வைத்தவர்கள் லூக்காவை நினைத்து வைத்திருக்கலாம், இருளில் இருப்பவர்களுக்கு ஒளி என்று. கப்பல், பள்ளி, ஆலயம் எதற்கு இந்தப் பெயர் இருந்தாலும் முதலில் அந்த வசனத்தைத் தேடுங்கள்.

ஆறாம் படி: நீங்கள் எழுதும்போது

உச்சரிப்பில் அழுத்தம் டே மேல். சேர்த்து ஒரே சொல்லாக எழுதுவது இன்றைய வழக்கம், பழைய நூல்களில் நடுவே சிறுகோடு இருக்கும், இரண்டும் சரி. பெயர்ச்சொல் மட்டும்தான், வினையாக்க முயல வேண்டாம். நேரத்தைக் குறிக்க "அட் டேஸ்பிரிங்", "பிஃபோர் டேஸ்பிரிங்", தொடக்கத்தைக் குறிக்க "த டேஸ்பிரிங் ஆஃப்" என்று வரும். முதல் எழுத்தைப் பெரிதாகப் போட்டால் வாசகர் கிறிஸ்துவை நினைப்பார், அது வேண்டாமென்றால் சிறிய எழுத்திலேயே விடுங்கள்.

எங்கே கூடாது? செய்தியில், கட்டுரையின் தகவல் வாக்கியத்தில், "டேஸ்பிரிங்கில் ரயில் பிடித்தேன்" வகையில். அப்புறம், பேரழிவு தொடங்குவதைக் குறிக்க இதை எடுக்காதீர்கள். போரின் டான் என்று எழுதுகிறார்கள், போரின் டேஸ்பிரிங் என்பது காதுக்கு ஒட்டாது, ஏனென்றால் துளிர்ப்பு என்ற நல்ல உணர்வு சொல்லை விட்டுப் போவதில்லை. ஒரு கவிதையில் ஒரு தடவை போதும். அந்த வரியில் ஏதாவது எழுகிறதா என்று சோதியுங்கள். காற்று, ஒளி, பாட்டு, நம்பிக்கை, ஏதோ ஒன்று கிளம்பினால் சொல்லை வையுங்கள். அசையாத காலைக்காட்சி என்றால் டான் போதும்.

ஏழாம் படி: தமிழுக்குக் கொண்டுவரும்போது

வைகறை அழகான சொல், உடனே கை அதற்குத்தான் போகும். ஆனால் சங்க மரபில் மருதத்துக்கு உரிய சிறுபொழுதான வைகறை, இரவின் கடைசிப் பகுதி. இருட்டு இன்னும் இருக்கிறது. மில்டனின் கலகத் தூதர்கள் வேலை செய்த நேரத்துக்கு வைகறை என்று சொல்லலாம், அவர்கள் பயந்த டேஸ்பிரிங்குக்குச் சொல்ல முடியாது. புலரி, பொழுது புலர்தல் இரண்டும் நேர்ப்பொருளுக்கு நன்றாகப் பொருந்தும். சிம்சோன் பேசும் இடத்தில் "புலரியோடு பிறந்த காற்று" என்று வைத்தால் ஓசையும் கெடவில்லை.

பைபிள் பொருளுக்குத் தமிழில் ஏற்கெனவே ஒரு சிறந்த விடை இருக்கிறது. தமிழ்ப் புரொட்டஸ்டண்டுகள் பல தலைமுறையாகப் படிக்கும் பைபிளில் லூக்கா வசனம் "உன்னதத்திலிருந்து தோன்றிய அருணோதயம் நம்மைச் சந்தித்திருக்கிறது". யோபுவிலும் அருணோதயமே. இதைத் தேர்ந்தவர்களை மனதாரப் பாராட்ட வேண்டும். அருணன் சூரியனின் தேரோட்டி, சூரியனுக்கு முன்னால் கிழக்கில் பரவும் செம்மை. உதயம் என்றால் எழுச்சி, அனதோலேயில் உள்ள அதே எழுச்சி. திருவிவிலியம் என்ற இன்னொரு தமிழ் மொழிபெயர்ப்பில் "விண்ணிலிருந்து விடியல் நம்மைத் தேடிவருகிறது" என்று இருக்கிறது. அங்கே "தேடிவருகிறது" என்ற வினை அபாரம், ஆனால் பெயர்ச்சொல்லாக அருணோதயத்தின் பக்கம்தான் நான் நிற்பேன்.

உருவகப் பொருளுக்கு ஒரே சொல்லைப் பிடித்துக்கொண்டிருக்க வேண்டாம். கிப்ளிங்கின் வரிக்கு "பாழாக்கிய விடியல் மீண்டும் வாராது" சரியாக இருக்கும். ஹாப்கின்ஸுக்கு "எங்கள் மங்கலுக்கு ஓர் உதயமாகட்டும்" என்பேன், அங்கே அருணோதயம் நீண்டு ஓசையை இழுத்துவிடும். ஒரு கலையின், காலத்தின் தொடக்கம் என்றால் தளிர்ப்பு, எழுச்சி போன்ற சொற்களையும் முயன்று பாருங்கள்.

கடைசியாக ஒரு நடைமுறைச் சிக்கல். டேஸ்பிரிங் ஒரு ஆளின் பெயர் என்பதை ஆங்கிலம் பெரிய எழுத்தால் காட்டுகிறது, தமிழில் அந்த வசதி இல்லை. மேற்கோள்குறி போடுவது நன்றாக இருக்காது. அழைக்கும் இடமாக இருந்தால் வினையிடம் வேலையைக் கொடுங்கள். "அருணோதயமே, வா" என்றால் காலைப்பொழுதை வரச்சொல்வது போல இருக்கும். "அருணோதயமே, வாரும்" என்று எழுதினால், ஜெபத்தில் கடவுளை அழைக்கும் மரியாதை வந்துவிடும், யாரை அழைக்கிறோம் என்று தமிழ் வாசகருக்கு உடனே தெரிந்துவிடும்.